இலவசம் என்றார்கள், மாதந்தோறும் எடுத்தார்கள்

ஜார்ஜ்டவுன் பீச் ஸ்திரீட்டில் உள்ள ஒரு சிறிய நிறுவனத்தில் கணக்குப் பிரிவில் வேலை செய்கிறேன். ரசீதுகளையும் வங்கி அறிக்கைகளையும் ஒப்பிட்டு, பத்து சென் குறைந்தாலும் ஏன் என்று கேட்பதுதான் என் வேலை. அப்படிப்பட்ட என் சொந்தக் கணக்கிலிருந்து மூன்று மாதங்கள் தொடர்ந்து 249 வெள்ளி போயிருக்கிறது. நான் கவனிக்கவில்லை என்றுதான் எல்லாரிடமும் சொன்னேன். அது முழு உண்மை இல்லை. அந்த மீதி உண்மையைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

கடந்த ஆண்டு உறவுக்காரப் பெண் ஒருத்திக்குத் திருமணம் நிச்சயமானது. தோழிப்பெண்ணாக நிற்கச் சொல்லியிருந்தார்கள். எனக்குக் கன்னத்தில் பருத் தழும்புகள் உண்டு. நிறமும் மாநிறத்துக்கு ஒரு படி கீழே. சிறு வயதிலிருந்தே “பிள்ளை லட்சணமா இருக்கா, கலருதான் கொஞ்சம் கம்மி” என்று கேட்டு வளர்ந்தவள். கைப்பேசியில் ஒரு விளம்பரம் வந்தது. முகத்தில் பூசும் கிரீம், முற்றிலும் இலவசம், அஞ்சல் செலவு 19 வெள்ளி 90 சென் மட்டும் கட்டினால் போதும் என்றிருந்தது. இன்னும் சில டப்பாக்களே மிச்சம் என்று ஒரு கடிகாரம் வேறு ஓடிக்கொண்டிருந்தது. டெபிட் அட்டையின் எண்ணைத் தட்டினேன். இரண்டு நிமிடத்தில் வேலை முடிந்தது.

கிரீம் வந்தது. பூசினேன். பெரிய மாற்றம் ஒன்றும் இல்லை. மறந்துவிட்டேன். அடுத்த மாதம் இன்னொரு பொட்டலம் வந்தது. தவறுதலாக அனுப்பிவிட்டார்கள் என்று நினைத்தேன். மூன்றாவது பொட்டலம் வந்தபோது மனத்துக்குள் ஏதோ உறுத்தியது. அன்றே வங்கிக் கணக்கைத் திறந்து பார்த்திருக்கலாம். நான் பார்க்கவில்லை, பயந்தேன். அம்மா கண்ணில் படுவதற்குள் பொட்டலத்தை அலமாரியில் துணிகளுக்கு அடியில் வைத்துவிட்டேன். வங்கியின் குறுஞ்செய்திகள் நான் மாற்றிவிட்ட பழைய கைப்பேசி எண்ணுக்குப் போய்க்கொண்டிருந்தன. அந்த எண்ணைப் புதுப்பிக்கும் வேலையையும் தள்ளிப்போட்டுக்கொண்டே இருந்தேன்.

அந்தக் கணக்கில் இருந்தது என் பணம் இல்லை. அம்மா மருத்துவமனையில் துப்புரவுப் பணியாளர். இரண்டு ஆண்டுகளாக மாதம் 100 வெள்ளி என்னிடம் கொடுத்து, “தம்பி படிப்புக்கு இருக்கட்டும்” என்று போட்டு வைக்கச் சொல்லியிருந்தார். 2,400 வெள்ளி. தம்பிக்குப் பொலிடெக்னிக்கில் இடம் கிடைத்து, பதிவுக் கட்டணம், விடுதி, மடிக்கணினி என்று செலவு வந்த வாரத்தில்தான் கொம்தார் பக்கம் உள்ள இயந்திரத்தில் இருப்பைப் பார்த்தேன். 1,600 வெள்ளிச் சொச்சம் இருந்தது.

அன்று இரவு வீட்டில் சொன்னேன். அம்மா பணத்தைப் பற்றி முதலில் கேட்கவில்லை. “எதுக்குப் பாப்பா உனக்கு அந்தக் கிரீம்?” என்றுதான் கேட்டார். பணத்துக்குக் கணக்கு சொல்ல முடிந்த எனக்கு அந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல முடியவில்லை.

மௌனமே சம்மதம் ஆகும் வியாபாரம்

பிறகு நான் உட்கார்ந்து படித்துத் தெரிந்துகொண்டது இது. எனக்கு நடந்தது விபத்து இல்லை; அது ஒரு வியாபார முறை. வாங்குபவர் “வேண்டாம்” என்று சொல்லாத வரையில் “வேண்டும்” என்று எடுத்துக்கொள்வதுதான் அதன் அடிப்படை. இது இணையத்தோடு பிறந்ததும் இல்லை. அமெரிக்காவில் 1926-இல் தொடங்கிய ஒரு புத்தகக் கழகம் இப்படித்தான் நடந்தது. மாதம் ஒரு புத்தகம் தேர்ந்தெடுப்பார்கள். வேண்டாம் என்று உறுப்பினர் எழுதித் தெரிவிக்காவிட்டால் புத்தகமும் வரும், ரசீதும் வரும். இம்முறையைக் கட்டுப்படுத்த அந்நாட்டு வாணிப ஆணையம் 1973-இலேயே விதி கொண்டுவந்தது. இணைய விற்பனைக்கென 2010-இல் தனிச் சட்டமே இயற்றினார்கள்.

அப்படியும் நிற்கவில்லை. 2015-இல் அதே ஆணையம் ஆரவி, டெல்லூர் போன்ற பெயர்களில் சருமப் பொருள்களை விற்ற நிறுவனங்களின் கூட்டம் ஒன்றின் மீது வழக்குத் தொடுத்தது. ஆபத்தில்லாத சோதனை என்று விளம்பரம். அஞ்சல் செலவாக 4.95 டாலர் அல்லது அதற்கும் குறைவு. பத்து நாளில் திருப்பி அனுப்பாவிட்டால் 97.88 டாலர் வரை பிடித்தம். அதன் பிறகு மாதந்தோறும் தொடர் பிடித்தம். படித்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. எண்களை மட்டும் மாற்றினால் அது என் கதை.

நம் நாட்டிலும் மூத்தவர்களுக்கு இது நினைவிருக்கும். ஒரு காலத்தில் கைப்பேசியில் பாட்டு, ஜோதிடம், நகைச்சுவை என்று ஏதோ ஒன்றுக்கு ஒருமுறை பதில் அனுப்பியவர்களின் முன்கட்டண இருப்பு வாராவாரம் கரைந்தது. நிறுத்துவதற்கு எந்த எண்ணுக்கு எந்தச் சொல்லை அனுப்ப வேண்டும் என்று தெரியாமல் தவித்தவர்கள் பலர். அன்று போனது ஓரிரு வெள்ளி. இன்று அட்டை எண் அவர்கள் கையில் இருப்பதால் போவது நூற்றுக்கணக்கில்.

அழகுப் பொருள்களுக்கு இம்முறை ஏன் இவ்வளவு பொருந்துகிறது? மூன்று காரணங்கள் தெரிகின்றன. முதலாவது, கிரீம் தீர்ந்துபோகும் பொருள். மாதம் ஒன்று வேண்டும் என்பது நியாயம் போலத் தோன்றும். இரண்டாவது, பலன் தெரிய நாளாகும் என்று அவர்களே சொல்லிவிடுவார்கள். சோதனைக் காலமோ பதினான்கு நாள். அதுவும் பொருள் கைக்கு வந்த நாளிலிருந்து இல்லை, நாம் பதிந்த நாளிலிருந்து. அஞ்சலிலேயே ஒரு வாரம் போய்விடும். மூன்றாவது காரணம்தான் முக்கியம். இந்தப் பொருளை வாங்கியதை நாம் வெளியில் சொல்ல மாட்டோம். பருவுக்கும் தழும்புக்கும் நிறத்துக்கும் மருந்து தேடியதை அம்மாவிடமோ தோழியிடமோ சொல்லக் கூச்சம். ஏமாந்தது தெரிந்த பிறகு கூச்சம் இரண்டு மடங்கு ஆகிறது. அந்தக் கூச்சம் நீடிக்கும் ஒவ்வொரு மாதமும் அவர்களுக்கு 249 வெள்ளி.

“படிக்காமல் கையெழுத்துப் போட்டது யார் தப்பு?”

அலுவலகத்தில் இதைச் சொன்னபோது ஒரு மூத்த சகோதரர் சிரித்தார். “பேராசை பெருநட்டம், தங்கச்சி. ஓசியில யாராவது கிரீம் குடுப்பானா?” என்றார். இந்த எண்ணம் நம்மில் பலருக்கு உண்டு. அதில் ஓரளவு உண்மையும் உண்டு. விதிமுறைகள் இருந்தன, நான் படிக்கவில்லை. அதை மறுக்கமாட்டேன்.

ஆனால் எங்கே இருந்தன? பிறகு தம்பி அந்த விளம்பரத்தைத் தேடிப் பிடித்து என்னிடம் காட்டினான். “இலவசம்” என்ற சொல் கட்டைவிரல் அளவு. பணம் கட்டும் பொத்தானைத் தாண்டி, பக்கத்தின் அடியில், வெளிர்ச் சாம்பல் நிறத்தில், மாதம் 249 வெள்ளி என்ற வரி. கைப்பேசித் திரையில் அதைப் பார்க்க வேண்டுமானால் பொத்தானை அழுத்தாமல் இன்னும் இரண்டு திரை கீழே போக வேண்டும். மறைக்க வேண்டும் என்ற எண்ணம் இல்லாத ஒருவர் தன் பொருளின் விலையை அங்கே எழுதுவாரா? சௌராஸ்தா சந்தையில் மீன் விற்பவர் விலையைக் கூடையின் அடியில் எழுதி வைத்துவிட்டு, “நீங்கள்தான் கூடையைத் தூக்கிப் பார்த்திருக்க வேண்டும்” என்று சொன்னால் நாம் ஒத்துக்கொள்வோமா?

சட்டமும் இதில் என் பக்கம் இருப்பதை அறிந்தபோதுதான் தலைநிமிர முடிந்தது. 1999-ஆம் ஆண்டு பயனீட்டாளர் பாதுகாப்புச் சட்டத்தில், நியாயமற்ற ஒப்பந்த விதிகளைப் பற்றிய ஒரு பகுதி 2011 பிப்ரவரியிலிருந்து நடப்பில் உள்ளது. ஒரு விதி நியாயமற்றதா என்று ஆராயும்போது, அது பொடி எழுத்தில் இருந்ததா, படிக்கவோ புரிந்துகொள்ளவோ கடினமாக இருந்ததா என்பதையும் பார்க்க அது இடமளிக்கிறது. இணைய வாணிபத்துக்கான 2012-ஆம் ஆண்டு விதிமுறைகளும் விற்பவர் தன் பெயர், தொடர்பு விவரம், பொருளின் தன்மை, அஞ்சல் செலவு முதலான எல்லாம் சேர்ந்த முழு விலை, விதிமுறைகள் ஆகியவற்றைத் தெரிவிக்கக் கட்டாயப்படுத்தின. உறுதி செய்வதற்கு முன் தவற்றைத் திருத்திக்கொள்ள வாங்குபவருக்கு வழி இருக்க வேண்டும் என்றும் சொன்னன. ஆகவே “படிக்காதது உன் தப்பு” என்பதோடு பேச்சு முடிந்துவிடுவதில்லை. “படிக்க முடியாதபடி எழுதியது யார் தப்பு?” என்றும் கேட்கலாம்.

நான் செய்ததும் செய்திருக்க வேண்டியதும்

முதலில் அந்நிறுவனத்தின் இணையப் பக்கத்தில் ரத்து செய்யும் பொத்தானைத் தேடினேன். இல்லை. சேர இரண்டு நிமிடம் எடுத்த எனக்கு, விலகுவதற்கு மின்னஞ்சல் முகவரியைக் கண்டுபிடிக்கவே ஒரு மாலை ஆனது. “ரத்து செய்கிறேன், இனி பணம் எடுக்கக் கூடாது” என்று எழுதினேன். பாதி விலைக்குத் தருகிறோம், தொடருங்கள் என்று பதில் வந்தது. மீண்டும் மறுத்தேன். பிரிக்காத பொட்டலங்களை வெளிநாட்டு முகவரிக்கு என் செலவில் அனுப்பச் சொன்னார்கள். இதோடு முடிந்தது என்று எண்ணி அட்டையை அப்படியே விட்டேன். ஒரு வாரம் கழித்து நான்காவது முறையாக 249 வெள்ளி போனது.

அதன் பிறகே வங்கிக்குப் போனேன். முகப்பில் இருந்த அதிகாரி பொறுமையாகக் கேட்டுவிட்டு, “சிக், அட்டை எண்ணை நீங்களே கொடுத்திருக்கிறீர்களே” என்றார். இங்கே ஒரு நுணுக்கம் இருக்கிறது. உங்கள் அட்டையைத் திருடி யாரோ பயன்படுத்தியது ஒரு வகை. நீங்களே கொடுத்த எண்ணைக் கொண்டு நீங்கள் ஒப்புக்கொள்ளாத தொகையை எடுத்தது இன்னொரு வகை. நான் “மோசடி” என்று மட்டும் சொல்லிக்கொண்டிருந்தவரை பேச்சு நகரவில்லை. “நான் ரத்து செய்த பிறகும் தொடர் பிடித்தம் நடந்திருக்கிறது, இதோ நான் அனுப்பிய மின்னஞ்சல், இதோ தேதி” என்று காட்டியபோதுதான் சரியான பாரம் கைக்கு வந்தது. முந்தைய பிடித்தங்களுக்கு, விலை தெளிவாகக் காட்டப்படவில்லை என்று தம்பி எடுத்து வைத்திருந்த திரைப்படங்களை இணைத்தோம். அட்டையை ரத்து செய்து புது அட்டை வாங்கினேன்.

ஏறக்குறைய இரண்டு மாதம் ஆனது. நான்காவது பிடித்தம் திரும்பி வந்தது. இரண்டாவதும் மூன்றாவதும் வந்தன. முதல் 249 வெள்ளியும் அந்த 19 வெள்ளி 90 சென்னும் வரவில்லை. மொத்தம் 268 வெள்ளி 90 சென் நட்டம். தம்பி கல்லூரியில் சேர்ந்துவிட்டான். அத்தை கைமாற்றாகக் கொடுத்தார். முதல் பருவத்தை மட்டும் நண்பனின் மடிக்கணினியில் ஓட்டினான். பணம் திரும்பி வந்தாலும் அந்தப் பருவத்தை நான் அவனுக்குத் திருப்பிக் கொடுக்க முடியாது.

உங்களுக்கோ உங்கள் தங்கைக்கோ இப்படி நேர்ந்தால் என்ன செய்யலாம் என்பதை என் தவறுகளிலிருந்தே சொல்கிறேன்.

ஒன்று: ரத்து செய்வதை எழுத்தில் செய்யுங்கள். தொலைபேசியில் சொன்னதற்குச் சாட்சி இல்லை. மின்னஞ்சலும் தேதியும்தான் பிறகு உங்களுக்காகப் பேசும். விளம்பரத்தையும் பணம் கட்டிய பக்கத்தையும் திரைப்படமாக எடுத்து வையுங்கள். அவர்கள் நாளை அதை மாற்றிவிடலாம்.

இரண்டு: அதே நாளில் வங்கியிடம் சொல்லுங்கள். எல்லா விவகாரத்துக்கும் காலக்கெடு உண்டு. விசா, மாஸ்டர்கார்டு விதிகளில் இத்தகைய தகராறுகளுக்குப் பொதுவாக 120 நாள் என்ற வரம்பு இருக்கிறது. வங்கிகள் அதைவிட முன்னதாகவே தெரிவிக்கச் சொல்லும். வெட்கப்பட்டு நான் தள்ளிப்போட்ட ஒவ்வொரு வாரமும் அந்தக் கெடுவில்தான் கழிந்தது. வங்கியின் முடிவு நியாயம் இல்லை என்று தோன்றினால், 2025 முதல் செயல்படும் நிதிச் சந்தைக் குறைதீர்ப்புச் சேவையிடம் கொண்டு போகலாம்.

மூன்று: விற்பவர் மலேசியாவில் இருந்தால் பயனீட்டாளர் நடுவர் மன்றம் இருக்கிறது. மனுக் கட்டணம் 5 வெள்ளி. 50,000 வெள்ளி வரையிலான கோரிக்கையை மூன்று ஆண்டுகளுக்குள் கொண்டு போகலாம். வழக்கறிஞர் தேவையில்லை, நீங்களே பேசலாம். உள்நாட்டு வாணிப, வாழ்க்கைச் செலவின அமைச்சிடம் 1-800-886-800 என்ற எண்ணில் புகார் செய்யலாம். என்னைப் போல வெளிநாட்டு விற்பனையாளரிடம் மாட்டிக்கொண்டவர்களுக்கு நடுவர் மன்றத்தால் நடைமுறையில் அதிகம் செய்ய இயலாது. ஆகவேதான் வங்கி வழியை முதலில் சொல்கிறேன்.

நான்கு: அழகு நிலையத் தொகுப்புகளும் இதே குடும்பம்தான். பேரங்காடியில் இலவச முக அழகு என்று கூப்பிட்டு உட்கார வைத்து, பத்து மாதத் தொகுப்பில் கையெழுத்து வாங்குவார்கள். “கட்டிய பணம் திரும்பாது” என்று ரசீதில் அச்சடித்திருக்கும். பயனீட்டாளர் பாதுகாப்புச் சட்டத்தின் 17-ஆவது பிரிவு, வருங்காலச் சேவைக்கான ஒப்பந்தத்தை ரத்து செய்யும் உரிமையை உங்களுக்குத் தருகிறது. அவர்கள் கழித்துக்கொள்ளக் கூடியவை மூன்றுதான்: முழுத் தொகையில் 5 விழுக்காடு, நீங்கள் ஏற்கெனவே பெற்ற சேவைக்கான பணம், நீங்கள் வைத்துக்கொள்ளும் பொருள்களின் விலை. மீதியைத் திருப்பித் தர வேண்டும். இந்த ஒரு பிரிவு தெரிந்திருந்தால் எத்தனை பெண்களின் பணம் மிஞ்சியிருக்கும்!

ஐந்து: பணத்தோடு உடம்பையும் பாருங்கள். மலேசியாவில் விற்கப்படும் ஒவ்வோர் ஒப்பனைப் பொருளும் தேசிய மருந்து ஒழுங்குமுறை நிறுவனத்திடம் அறிவிக்கப்பட்டிருக்க வேண்டும். என்.ஓ.டி. என்ற மூன்று எழுத்துகளில் தொடங்கும் எண் அதற்கு அடையாளம். அந்நிறுவனத்தின் இணையப் பக்கத்தில் பெயரைப் போட்டுச் சரிபார்க்கலாம். எனக்கு வந்த டப்பாவில் அப்படி எந்த எண்ணும் இல்லை. நிறத்தை வெளுக்கச் செய்யும் கிரீம்களில் பாதரசம், ஹைட்ரோகுவினோன், டிரெட்டினோயின் கண்டுபிடிக்கப்பட்டு அவற்றின் அறிவிப்பு ரத்து செய்யப்பட்ட செய்திகள் பலமுறை வந்திருக்கின்றன. பாதரசம் சிறுநீரகத்தைக் கெடுக்கும். மூன்று டப்பாக்களையும் நான் இனி எந்த நாளும் தொடப்போவதில்லை.

இந்த ஊரில் இருந்துகொண்டே தெரியாமல் போனது

எனக்கு வெட்கமாக இருப்பது இன்னொன்று. இது பினாங்கு. இந்நாட்டின் பயனீட்டாளர் இயக்கத்தில் பெயர் பெற்ற ஊர். பினாங்கு பயனீட்டாளர் சங்கம் 1969-இல் இங்கே தோன்றியது. நெடுங்காலம் அதன் தலைவராக இருந்து 2019-இல் மறைந்த எஸ்.எம். முகமது இட்ரிஸ் தமிழ் பேசும் குடும்பத்தில் பிறந்தவர். பாதரசம் கலந்த முகக் கிரீம்களைப் பற்றி அச்சங்கம் பல ஆண்டுகளாக எச்சரித்து வருகிறது. தமிழிலும் எழுதுகிறது, பேசுகிறது. ஜாலான் மஸ்ஜிட் நெகெரியில் உள்ள அதன் அலுவலகத்தைப் பேருந்தில் எத்தனையோ முறை கடந்து போயிருக்கிறேன். உள்ளே போய்க் கேட்கத் தோன்றவில்லை. நான் முதல் வாரமே போயிருக்க வேண்டிய இடம் அது.

ஏன் தோன்றவில்லை என்றால், புகார் செய்வது நம்மைப் போன்றவர்களுக்கு இல்லை என்று எங்கோ மனத்தில் பதிந்துவிட்டது. புகார் செய்பவர் சட்டம் தெரிந்தவர், ஆங்கிலம் தெரிந்தவர், நேரம் இருப்பவர் என்று நினைத்துக்கொள்கிறோம். அம்மா மருத்துவமனையில் தரை துடைத்துச் சேர்த்த பணத்துக்காகக் கூட என்னால் மூன்று மாதம் வாய் திறக்க முடியவில்லை. இந்த மனநிலையை மாற்றாமல் எவ்வளவு நல்ல சட்டம் இருந்தாலும் பயனில்லை.

மாற வேண்டியவை

எனக்கு மூன்று கோரிக்கைகள் இருக்கின்றன.

முதலாவது அரசாங்கத்துக்கும் பேங்க் நெகாராவுக்கும். இந்தியாவில் 2021 அக்டோபர் 1 முதல், அட்டையிலிருந்து தொடர் பிடித்தம் செய்வதற்கு 24 மணி நேரம் முன்பாக வாடிக்கையாளருக்கு அறிவிப்பு போக வேண்டும். வேண்டாம் என்றால் அப்போதே நிறுத்திக்கொள்ளலாம். 2023 நவம்பரில் அந்நாடு வெளியிட்ட வழிகாட்டி, இணையத்தில் பயனீட்டாளரை ஏமாற்றும் 13 உத்திகளைப் பெயர் சொல்லிப் பட்டியலிட்டது. சந்தா வலை அவற்றில் ஒன்று. அமெரிக்காவில் சேர்வதைப் போலவே விலகுவதும் எளிதாக இருக்க வேண்டும் என்று 2024-இல் கொண்டுவந்த விதியை, நடைமுறைக் குறை காரணமாக மேல்முறையீட்டு நீதிமன்றம் 2025 ஜூலையில் தள்ளுபடி செய்துவிட்டது. ஆகவே இது எளிதான சண்டை இல்லை என்பது தெரிகிறது. ஆனாலும் பணம் எடுப்பதற்கு ஒரு நாள் முன்பு “நாளை 249 வெள்ளி எடுக்கப்படும்” என்று ஒரே ஒரு குறுஞ்செய்தி வாடிக்கையாளருக்கு வரவேண்டும் என்று கட்டாயப்படுத்துவது பெரிய காரியமா? அப்படி ஒரு செய்தி என் கைக்கு வந்திருந்தால் நான் பயந்து ஒதுங்க இடமே இருந்திருக்காது. நம் சட்டத்திலும் சந்தா வலை என்ற குற்றத்துக்குப் பெயரும் தண்டனையும் வேண்டும்.

இரண்டாவது பள்ளிகளுக்கு. நம் இடைநிலைப்பள்ளிக் கணிதத்தில் பயனீட்டாளர் கணிதம் என்ற பாடம் இருக்கிறது. மூன்றாம் படிவத்தில் சேமிப்பும் கடனும், நான்காம் படிவத்தில் நிதி நிர்வாகம், ஐந்தாம் படிவத்தில் காப்புறுதியும் வரியும் படித்தோம். வட்டியைக் கணக்கிட எனக்கு நன்றாகத் தெரியும். ஆனால் ஓர் இணைய விற்பனைப் பக்கத்தைத் திறந்து, இதில் முழு விலை எங்கே இருக்கிறது, எப்போது விலக வேண்டும், யாரிடம் விலக வேண்டும் என்று கண்டுபிடிக்க யாரும் கற்றுக்கொடுக்கவில்லை. ஆசிரியர்கள் ஒரு பாட நேரத்தை இதற்கு ஒதுக்கலாம். பயனீட்டாளர் கழகம் உள்ள பள்ளிகளில் மாணவர்களே உண்மையான விளம்பரங்களைக் கொண்டு வந்து பொடி எழுத்தைத் தேடும் போட்டி வைக்கலாம். நடுவர் மன்றத்தின் மனுப் பாரத்தை ஒருமுறை நிரப்பிப் பழகிய பிள்ளை பிறகு அதற்குப் பயப்படாது.

மூன்றாவது கோரிக்கை நம் வீடுகளுக்கு. இதைச் சொல்லத்தான் தயக்கமாக இருக்கிறது; ஆனாலும் சொல்ல வேண்டும். “கலரு கம்மி” என்று விளையாட்டாகச் சொல்லும் ஒவ்வோர் அத்தையும் பெரியம்மாவும் அந்த விளம்பரத்துக்குச் சம்பளம் இல்லாமல் வேலை பார்க்கிறார்கள். இந்தியாவில் நம் அம்மாக்களின் காலத்திலிருந்து விற்ற புகழ்பெற்ற கிரீம் ஒன்று, 2020-இல் தன் பெயரிலிருந்து வெண்மையைக் குறிக்கும் சொல்லையே எடுத்துவிட்டது. விற்பவர்களே வெட்கப்பட்டுக் கைவிட்ட சொல்லை நாம் ஏன் கல்யாண வீட்டில் இன்னும் பேசிக்கொண்டிருக்கிறோம்?

தம்பிமாரும் இதில் விலக்கு இல்லை. தாடி வளர, முடி அடர்த்தியாக, உடம்பு ஏற என்று அவர்கள் பக்கமும் இலவச மாதிரிகள் ஓடிக்கொண்டிருக்கின்றன. பையன்கள் நம்மைவிடக் குறைவாகவே வாய் திறப்பார்கள்.

திருமணத்துக்குப் போனேன். தழும்போடுதான் போனேன். யாரும் ஒன்றும் சொல்லவில்லை என்று எழுத ஆசை. ஆனால் ஒரு பெரியம்மா வழக்கம்போலச் சொன்னார். நான் பதில் பேசும் முன் அம்மா, “அக்கா, அந்தப் பேச்சால எங்களுக்கு எரநூத்தி அறுபத்தெட்டு வெள்ளி செலவாச்சு. இனிமே வேண்டாம்” என்றார். சுற்றி இருந்தவர்கள் சிரித்தார்கள். பிறகு என்ன செலவு என்று கேட்டார்கள். நான் முழுக் கதையையும் அங்கேயே சொன்னேன்.

கதை முடிவதற்குள், பாயான் லெப்பாஸ் தொழிற்சாலையில் வேலை செய்யும் ஒரு பெண் என்னைத் தனியாகக் கூப்பிட்டாள். அவள் கைப்பேசியில் வங்கிச் செயலியைத் திறந்தாள். மாதம் 129 வெள்ளி, ஐந்து மாதமாக. யாரிடமும் சொல்லவில்லை என்றாள். அன்று இரவே இருவரும் உட்கார்ந்து அவளுடைய ரத்து மின்னஞ்சலை எழுதினோம்.

இதைப் படித்து முடித்ததும் உங்கள் வங்கிக் கணக்கை ஒருமுறை திறந்து, கடந்த மூன்று மாதப் பிடித்தங்களைப் பாருங்கள். ஒவ்வொரு வரிக்கும் இது எதற்கு என்று உங்களால் சொல்ல முடிகிறதா என்று பாருங்கள். சொல்ல முடியாத ஒரு வரி இருந்தால், இன்றே வீட்டில் ஒருவரிடம் சொல்லுங்கள். மற்றதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.